ஹாடெவிக்: போரைச் சுமந்த ஒரு டச்சுப் பெண் பெயர்

நெதர்லாந்தில் குழந்தை பிறந்தால் சொந்தபந்தத்துக்கும் அக்கம்பக்கத்துக்கும் ஓர் அட்டை வரும். கூப்பிடும் பெயர் பெரிய எழுத்தில் இருக்கும். பதிவேட்டில் உள்ள முழுப் பெயரும் சேர்ந்திருந்தால் அதில் பெரும்பாலும் பாட்டியின் பெயரோ தாத்தாவின் பெயரோ ஒளிந்திருக்கும். குழந்தை பார்க்கப் போனால் வட்ட ரஸ்க்கில் வெண்ணெய் தடவி, சர்க்கரைப் பூச்சுப் போட்ட சோம்பைத் தூவிக் கொடுப்பார்கள். பெண் குழந்தை என்றால் அந்தச் சோம்பு இளஞ்சிவப்பும் வெள்ளையுமாக இருப்பது வழக்கம். இன்றைய அட்டைகளில் எம்மா, யூலியா, மிலா போன்ற பெயர்களைத்தான் அதிகம் பார்க்கலாம். ஹாடெவிக் என்று அச்சிட்ட அட்டை அரிதிலும் அரிது. அந்த அரிய பெயரைப் பிரித்துப் பார்ப்போம்.

முதலில் ஒலி. முதல் அசை நெடில், அழுத்தமும் அதன்மேல்தான்: 'ஹா'. நடு அசை வாய்க்குள்ளேயே மங்கிப்போகும் 'டெ'. டச்சு வகரம் நமக்குச் சிரமமே தராது. கீழுதடு மேற்பல்லை மெல்லத் தொடும் நம் வகரம்தான் அது. கடைசி ஒலியில்தான் கவனம் வேண்டும். நான் 'க்' என்று எழுதினாலும் அது 'பாக்கு'வில் வரும் வல்லின ககரம் அல்ல. தொண்டையில் காற்று உரசி வரும் ஒலி. 'எஃகு' என்பதை ஆய்தம் கெடாமல் சொல்லி, அந்த ஆய்தத்திலேயே நிறுத்தினால் ஏறக்குறைய வந்துவிடும். பெயரைப் பலவிதமாக எழுதுகிறார்கள். பழைய வடிவங்களில் கடைசி அசையில் இகரமும் டச்சு யகரமும் ஒட்டிய கூட்டெழுத்து வரும். பொதுவாக 'எய்' என ஒலிக்கும் அந்தக் கூட்டெழுத்து, இந்தப் பெயரில் குறுகி இகரமாகிவிடுகிறது.

பெயர்ப் பட்டியல்களில் இதற்குப் பொருள் தேடினால் 'போர்' என்றோ 'போர்வீராங்கனை' என்றோ ஒற்றை வரி கிடைக்கும். தப்பில்லை, ஆனால் பாதிதான். இது இரண்டு சொற்கள் சேர்ந்த பழைய ஜெர்மானியப் பெயர். முதற்பாதி 'ஹது': போர். பிற்பாதி 'வீக்': அதுவும் போர்தான்.

இந்த ஹதுவுக்கு நமக்கு நன்றாகத் தெரிந்த ஓர் உறவினர் உண்டு: சத்துரு. வடமொழியிலிருந்து வந்து நம் பேச்சில் ஊறிவிட்ட அந்தச் சொல்லையும் ஹதுவையும் ஒப்பியல் மொழியியலார் ஒரே வேரில் சேர்ப்பார்கள். 'ஹ'வுக்கும் 'ச'வுக்கும் என்ன சம்பந்தம் என்று தோன்றினால் நூறு என்ற எண்ணைப் பாருங்கள். டச்சில் 'ஹோண்டர்ட்', அதன் பழைய அடி 'ஹுண்ட்'. வடமொழியில் 'சதம்'. லத்தீனில் 'கென்டும்'. ககரம் போன்ற ஓர் ஒலியில் தொடங்கிய மூலச்சொல் லத்தீனில் ககரமாகவே நின்றது, வடமொழியில் சகரமானது, ஜெர்மானியக் கிளையில் ஹகரமானது. உள்ளேயிருந்த தகரமும் ஜெர்மானியத்தில் மெலிந்து டகரத்தின் பக்கம் வந்துவிட்டது. சதம் எந்த வழியில் ஹுண்டுக்கு உறவோ, அதே வழியில் சத்துரு ஹதுவுக்கு உறவு. கெல்டிக் மொழிகளில் பழைய ககரம் அப்படியே இருக்கிறது. வேல்ஸ் நாட்டு மொழியில் போருக்கு 'காட்' என்பார்கள்.

வீக்கின் உறவுகளும் சாதாரணமானவை அல்ல. வெல்லுதலைக் குறிக்கும் லத்தீன் 'வின்கெரெ' இதன் ஒன்றுவிட்ட சகோதரம். விக்டர், விக்டோரியா எல்லாம் அந்த வழிவந்தவர்கள். ஜெர்மன் லுட்விக், டச்சு லோடெவெய்க் என்ற ஆண் பெயர்களின் கடைசிப் பாதியும் இதே வீக்தான். 'புகழ்பெற்ற போர்' என்ற சேர்க்கை அது.

இங்கே ஓர் எச்சரிக்கை. சங்கத் தமிழில் 'ஆடு' என்றால் வெற்றி என்ற பொருளும் உண்டு. 'ஆடல்' போரையும் குறிக்கும். ஹாடெவிக்கின் ஹகரத்தை உதிர்த்துவிட்டு 'ஆடு'வோடு முடிச்சுப் போட யாருக்கும் ஆசை வரும். கூடாது. ஒலி ஒத்திருப்பதாலேயே உறவாகிவிடாது. மேலே சொன்ன நூறு–சதம் போல, வரிசையாகப் பல சொற்களில் ஒரே மாற்றம் நடந்திருக்க வேண்டும். ஆடு–ஹது இணைப்புக்கு அப்படி ஒரு சான்றும் இல்லை. தமிழின் பெருமைக்கு இந்த மாதிரி ஒட்டுப்போட்ட உறவுகள் தேவையே இல்லை.

சரி, போரும் போரும் சேர்ந்தால் என்ன பொருள்? 'போர்களின் போர்' என்றா? இந்த இடத்தில்தான் பட்டியல்கள் பெரும்பாலும் சறுக்குகின்றன. பழைய ஜெர்மானியர் பெயரை வாக்கியமாகக் கட்டவில்லை. மதிப்புள்ள சில சொற்கள் குடும்பத்தில் இருக்கும்; முன்பாதி ஒரு பக்கத்திலிருந்தும் பின்பாதி இன்னொரு பக்கத்திலிருந்தும் வரலாம். 9ஆம் நூற்றாண்டில் ஏட்டில் ஏறிய பழைய ஜெர்மன் வீரப்பாடல் ஒன்றில் தந்தையும் மகனும் அடையாளம் ஒப்பாமல் களத்தில் எதிர்நிற்கிறார்கள். தாத்தா ஹெரிபிராண்ட், தந்தை ஹில்டெபிராண்ட், மகன் ஹதுபிராண்ட். மூன்று தலைமுறைக்கும் பின்பாதி ஒன்றே. முன்பாதி மாறினாலும் ஹகர மோனை மாறவில்லை: ஹெரி என்றால் படை, ஹில்டி என்றால் போர், ஹது என்றாலும் போர். பெயரைக் கேட்டாலே இன்னார் வீட்டுப் பிள்ளை என்று தெரிந்துவிடும். பேரனுக்குத் தாத்தா பெயரை வைக்கும் நமக்கு இந்த மனசு புரியும். அவர்கள் முழுப் பெயரை வைக்காமல் பாதியை வைத்தார்கள், அவ்வளவே. ஆகவே ஹாடெவிக் என்பது இரண்டு பரம்பரைச் சொற்களின் சேர்க்கை. அதை ஒரு தொடராக விரித்துப் பொருள் சொல்வது பொருந்தாது.

பெண் குழந்தைக்குப் போர்ப்பெயரா என்று தயங்கவும் வேண்டாம். டச்சில் மாக்டெல்ட் என்றால் வலிமையும் போரும். கேர்ட்ராய்டாவின் முதற்பாதி ஈட்டி. அந்தக் காலத்துப் பெண் பெயர்களில் ஆயுதமும் களமும் நிறைய.

ஹாடெவிக்கின் பிற நாட்டு வடிவங்களை விரைவாகச் சொல்லிவிடலாம். ஜெர்மனில் ஹெட்விக், பிரெஞ்சில் எட்விஜ், போலந்தில் யத்விகா. 1384இல் கிராக்கோவில் முடிசூடிய யத்விகா 'அரசி' என்றல்ல, 'அரசர்' என்றே முடிசூட்டப்பட்டார். 1914இல் வியன்னாவில் ஹெட்விக் என்ற பெயரில் பிறந்த பெண்தான் பின்னாளில் ஹாலிவுட்டில் ஹெடி லமார் ஆனார்.

டச்சு மொழி பேசுவோருக்கு இந்தப் பெயரைக் கேட்டதும் நினைவுக்கு வருபவர் வேறொருவர். 13ஆம் நூற்றாண்டில் பிரபாந்த் நாட்டில் வாழ்ந்த கவி ஹாடெவிக். இன்றைய நெதர்லாந்தின் தென்பகுதியும் பெல்ஜியத்தின் ஒரு பகுதியும் அன்றைய பிரபாந்த். அவருக்கு வாழ்க்கை வரலாறு எழுதியவர் எவருமில்லை. எழுத்திலிருந்துதான் அவரை ஊகிக்கிறார்கள். பெகீன்கள் என்று அன்று பெண்களின் ஓர் இயக்கம் இருந்தது. கன்னிமடத்துச் சபதம் எடுக்காமல், கணவனுக்கும் கட்டுப்படாமல், தம் உழைப்பில் உண்டு, ஒன்றாக வாழ்ந்து இறைவனைத் தேடியவர்கள். ஹாடெவிக் அப்படி ஒரு சிறு குழுவுக்கு வழிகாட்டியாக இருந்திருக்க வேண்டும். அவர் கடிதங்களில் 'அன்புக் குழந்தாய்' என்று விளித்து எழுதுகிறார்.

45 பாடல்கள், 31 கடிதங்கள், தியானத்தில் கண்டதாக அவர் எழுதிய 14 தெய்வீகக் காட்சிகள், இன்னும் சில செய்யுட்கடிதங்கள். லத்தீனே கல்வியின் மொழியாக இருந்த காலத்தில் இவை அனைத்தையும் தாய்மொழியில் எழுதினார். காட்சிகளோடு சேர்ந்து 'நிறைவுற்றோர் பட்டியல்' ஒன்று வருகிறது. அதில் ஓர் இடத்தில், தன் மெய்யான அன்பின் காரணமாக ஆசான் ராபர்ட் என்பவரால் கொல்லப்பட்ட ஒரு பெகீனைக் குறிப்பிடுகிறார். அந்த ராபர்ட், 1230களில் பிரான்சின் வடக்கிலும் ஃபிளாண்டர்ஸிலும் மதவிசாரணை நடத்திப் பலரை எரித்தவர் என்று அடையாளம் காண்கிறார்கள். ஹாடெவிக்கின் காலத்தைக் கணிக்க உதவும் அரிய தடயம் அந்த ஒற்றைக் குறிப்பு. அன்பைப் பற்றிப் பேசினால் உயிர் போகலாம் என்று தெரிந்தே எழுதியிருக்கிறார் அந்தப் பெண். எத்தனை முறை நினைத்தாலும் எனக்கு மனசு கனத்துப்போகும் இடம் அது.

அவர் எழுத்து முழுவதும் ஒரே சொல்லைச் சுற்றுகிறது: 'மின்னெ'. அன்பு, காதல், இறைவன், இறைவன்மேல் கொண்ட தாகம் எல்லாமே அவருக்கு மின்னெதான். அந்தச் சொல் இலக்கணத்தில் பெண்பால். எனவே மின்னெ ஒரு தலைவியாக, அரசியாக வருகிறாள். பத்து வயதிலிருந்தே அந்த அன்பு தன்னை ஆட்கொண்டுவிட்டது என்று ஒரு கடிதத்தில் சொல்கிறார். அது மென்மையான அன்பு அல்ல. மின்னெயோடு மல்லுக்கு நிற்பார், காயப்படுவார், தோற்பார், தோற்பதிலேயே வெல்வார். அன்பின் வெறிக்கு அவர் பாடல்களில் 'ஓரெவூட்' என்று தனிச்சொல்லே உண்டு. போர் என்றும் போர் என்றும் பெயர் கொண்டவர் அன்பையே போர்க்களமாக்கிவிட்டார். பெற்றவர்கள் பெயரின் பொருளை எண்ணியா வைத்திருப்பார்கள்? இருக்காது. அந்தக் காலத்திலேயே ஹது என்ற சொல் பேச்சில் செத்துப்போயிருந்தது. ஆனாலும் பெயரும் பாட்டும் இப்படிப் பொருந்தி நிற்பதைப் பார்த்தால் உடம்பு சிலிர்க்கிறது.

மின்னெவின் வேரையும் சொல்லாமல் போக முடியவில்லை. அதன் முதற்பொருள் நினைவு. வடமொழி 'மனஸ்', லத்தீன் 'மென்ஸ்' எல்லாம் ஒரே குடும்பம். ஒருவரை நெஞ்சில் நினைத்துக்கொண்டே இருப்பதுதான் அன்பு என்று அந்தச் சொல் விரிந்திருக்கிறது. 'உள்ளினும் தீராப் பெருமகிழ் செய்தலால் கள்ளினும் காமம் இனிது' என்ற குறளில் உள்ளுதலும் காமமும் நிற்கும் நெருக்கத்தை எண்ணிப் பாருங்கள். மின்னெவைத் தமிழாக்க ஒரு சொல் கேட்டால் 'உள்ளல்' என்பேன்.

அவர் ஏடுகள் 14ஆம் நூற்றாண்டில் படியெடுக்கப்பட்டன; ரூஸ்ப்ரூக் என்ற பெரிய ஞானியும் அவற்றிலிருந்து எடுத்தாண்டிருக்கிறார். பிறகு சில நூற்றாண்டுகள் மறதி. 1838இல் பிரஸ்ஸல்ஸ் நூலகத்தில் ஏடுகள் மீண்டும் கண்டெடுக்கப்பட்ட பிறகுதான் அவர் டச்சு இலக்கியத்தின் தலைமைக் கவிகளில் ஒருவரானார். இன்று ஒரு டச்சுக் குடும்பம் மகளுக்கு ஹாடெவிக் என்று பெயரிட்டால், பெரும்பாலும் மனதில் இருப்பது இவர்தான். நடிகை ஹாடெவிக் மினிஸால் இந்தப் பெயர் திரையிலும் கொஞ்சம் பழகியிருக்கிறது. இருந்தும், இரண்டு அசையில் எந்த நாட்டிலும் எளிதாகச் சொல்லக்கூடிய பெயரைப் பெற்றோர் விரும்பும் காலத்தில், தொண்டை உரசும் பழம்பெயருக்கு இடம் குறைவு.

இனி, தமிழில் இதற்கு நேர் எது?

சொல்லுக்குச் சொல் வேண்டுமானால் நமக்குப் பஞ்சமே இல்லை: அமர், சமர், செரு, ஞாட்பு, பூசல். செருவைப் பெயரோடு சேர்ப்பதும் நம் மரபுதான். தலையாலங்கானத்துச் செருவென்ற நெடுஞ்செழியனை நினைத்துக்கொள்ளுங்கள். ஒரே பொருளில் இரண்டு சொல் அடுக்குவதற்கும் இலக்கணம் இடம் தருகிறது. 'ஒருபொருட் பன்மொழி சிறப்பினின் வழாஅ' என்கிறது நன்னூல். 'மீமிசை ஞாயிறு', 'உயர்ந்தோங்கு பெருமலை' என்று எடுத்துக்காட்டுவார்கள். மீயும் மிசையும் ஒன்றே, உயர்தலும் ஓங்கலும் ஒன்றே. அந்த வழியில் 'செருவமர்' என்று கட்டினால் ஹாடெவிக்கின் உடற்கூறு அப்படியே வந்துவிடும். அகராதியில் விளக்கம் எழுத இது போதும்.

ஆனால் ஒரு பெண் குழந்தையைக் கூப்பிட அது ஆகாது. தொட்டிலைப் பார்த்துச் 'செருவமர்' என்று யார் கொஞ்சுவார்கள்? கொற்றவை என்ற பெயரைச் சிலர் சொல்லக்கூடும். அது தெய்வத்தின் பெயர், வெற்றியின் பெயர், வேறொரு கதை. என் தேர்வு வஞ்சி. 'வஞ்சி தானே முல்லையது புறனே' என்கிறது தொல்காப்பியம். வஞ்சிப்பூச் சூடிப் பகைவர் நிலத்தின்மேல் படையெடுத்துச் செல்வது வஞ்சித்திணை. அதே வஞ்சி கொடியின் பெயர். கொடிபோன்ற பெண்ணுக்கும் பெயர். ஹாடெவிக்கைப் போலவே போரின் பெயராகவும் பெண்ணின் பெயராகவும் ஒரே மூச்சில் நிற்கும் தமிழ்ச்சொல் இதைவிட வேறொன்று எனக்குத் தோன்றவில்லை. வஞ்சித்தல் என்ற வினை காதில் இடறும் என்று தயங்குபவர்களுக்கு வாகை இருக்கிறது. அதுவும் பூ, அதுவும் புறத்திணை, பொருளும் வெற்றி. வேரால் இல்லாவிட்டாலும் பொருளால் வீக்கின் வழிவந்த விக்டோரியாவோடும் உறவாகிவிடும்.