ஒரே கோப்பு, மூன்று பெயர்: கணினி எப்படிக் கண்டுபிடிக்கிறது?

டவுன்லோட்ஸ் ஃபோல்டரைத் திறந்து பாருங்கள். ஒரே ரேஷன் கார்டு ‘ஸ்கேன்0042’, ‘ஸ்கேன்0042 (1)’, ‘ரேஷன் கார்டு புதுசு’ என்று மூன்று பெயரில் கிடக்கும். ஃபோல்டர்களை ஒழுங்குபடுத்த உட்காருபவர்கள் எடுத்த எடுப்பில் வகை பிரிக்க இறங்கிவிடுகிறார்கள். என்னைக் கேட்டால், முதலில் இந்த இரட்டைகளைக் கழித்துவிட வேண்டும். பாதிக் குப்பை அதிலேயே போய்விடும்.

இதற்குக் காசு கொடுக்கவும் வேண்டாம், கிராக் செய்த மென்பொருளை இறக்கி வைரஸை வரவழைக்கவும் வேண்டாம். விண்டோஸ், மேக், லினக்ஸ் மூன்றிலும் ஓடும் டூப்குரு, லினக்ஸ்காரர்களுக்கு எஃப்டூப்ஸ் என இலவசமான திறமூலக் கருவிகள் (நிரலை யாரும் பார்க்கலாம், மாற்றலாம்) உண்டு.

இவை வேலை செய்யும் விதம்தான் அழகு. ஒரு லட்சம் கோப்புகளை ஒன்றோடொன்று ஒப்பிடப் போனால் ஏறக்குறைய 500 கோடி ஜோடிகள் வரும். அதனால் எஃப்டூப்ஸ் முதலில் அளவை மட்டும் பார்க்கிறது. அதற்குக் கோப்பைத் திறக்கவே வேண்டாம். வட்டின் பதிவேட்டிலேயே அளவு இருக்கிறது. அளவு ஒத்துப்போனவற்றில் மட்டும் ஆரம்பப் பகுதியைப் படித்து ஒரு ‘ஹாஷ்’ கணக்கிடும். அதுவும் ஒத்தால் முழுக் கோப்புக்கும் ஹாஷ்.

ஹாஷ் என்பது கோப்பின் கைரேகை. ரொனால்ட் ரிவெஸ்ட் 1991இல் உருவாக்கிய எம்டி5 முறையில், ஒரு வரிக் கடிதமானாலும் முழுநீளப் படமானாலும் 128 பிட்டில், 32 எழுத்துகளில் அடங்கிவிடும். உள்ளே ஒரு காற்புள்ளி மாறினாலும் அந்த 32 எழுத்து வரிசை அடையாளமே தெரியாமல் மாறிவிடும். பெயரை மாற்றினால் எதுவும் மாறாது, ஏனென்றால் பெயர் கோப்புக்குள் இல்லை. ஃபோல்டரின் பட்டியலில்தான் இருக்கிறது. வெவ்வேறு தரவுக்கு ஒரே எம்டி5 வரவைக்க முடியும் என்று 2004இல் சீன ஆய்வாளர்கள் காட்டிவிட்டார்கள். எஃப்டூப்ஸ் கடைசியாக பைட் பைட்டாகவும் ஒப்பிட்டுப் பார்ப்பதால் அதனிடம் இந்த ஏமாற்று செல்லாது.

வாட்ஸ்அப்பில் போய்த் திரும்பிய போட்டோவிடம் இந்த வித்தை பலிக்காது. அது மறுபடி சுருக்கப்பட்டிருக்கும். கண்ணுக்கு அதே படம், ஹாஷுக்கு வேறு கோப்பு. அங்கே டூப்குருவின் படப் பிரிவு உதவும். படத்தை 15க்கு 15 கட்டங்களாகப் பிரித்து, ஒவ்வொரு கட்டத்தின் சராசரி நிறத்தையும் ஒப்பிட்டு, ஒற்றுமையைச் சதவீதத்தில் சொல்லும். அடுத்தடுத்து எடுத்த இரண்டு கல்யாண போட்டோக்களையும் ‘ஒன்றே’ என்று சொல்லிவிடக்கூடும். பார்த்துத்தான் அழிக்க வேண்டும்.

சி டிரைவின் விண்டோஸ், ப்ரோகிராம் ஃபைல்ஸ் ஃபோல்டர்கள் பக்கம் இந்தக் கருவியை விடவே கூடாது. அங்கே ஒரே கோப்பு இரண்டு இடத்தில் இருந்தால், இரண்டு இடத்திலும் அது தேவைப்படலாம்.