பண்பாட்டு விமர்சனம்: ஒரு கூட்டுச்சொல்லின் வேர்கள்

ஜெர்மானியச் சிந்தனையாளர் தியோடர் அடோர்னோ 1951-இல் வெளியிட்ட ஒரு கட்டுரையைச் சொல்லாராய்ச்சியில்தான் தொடங்குகிறார். காதால் சிந்திக்கும் பழக்கம் உடைய எவருக்கும் ‘பண்பாட்டு விமர்சனம்’ என்ற தொடர் உறுத்தலாகவே ஒலிக்கும் என்கிறார் அவர். அது ‘ஆட்டோமொபைல்’ என்ற சொல்லைப் போல இலத்தீனையும் கிரேக்கத்தையும் ஒட்டவைத்துச் செய்யப்பட்டது என்பது மட்டும் அதற்குக் காரணமல்ல என்றும் சேர்த்துக்கொள்கிறார். பண்பாடும் சமூகமும் எவ்வாறு பிணைந்துள்ளன என்பதைப் பற்றி எழுதப்பட்ட அக்கட்டுரையின் முதல் வரியே தலைப்புச் சொல்லின் மீது ஐயம் கொள்கிறது. தமிழில் நாம் வழங்கும் ‘பண்பாட்டு விமர்சனம்’ என்ற தொடரும் அதே வகையான ஒட்டுதான்: முன்பாதி தமிழ், பின்பாதி வடமொழி. ஒட்டாக இருப்பதனால் ஒரு சொல் பிழையாகிவிடாது. ஆயினும் இரு பாதிகளும் தத்தம் வேர்களிலிருந்து எதைக் கொண்டுவந்திருக்கின்றன என்று அறியாமல் இத்துறை நூல்களைப் படிப்போர், ஆசிரியர் பாராட்டுகிறாரா பழிக்கிறாரா என்று தடுமாறுவது உண்டு.

முதலில் ‘கல்ச்சர்’. இலத்தீனில் ‘கொலேரே’ என்ற வினைக்கு உழுது பயிரிடுதல், குடியிருத்தல், போற்றி வழிபடுதல் என மூன்று பொருள்கள் உண்டு. குடியிருத்தலிலிருந்து ‘காலனி’ என்ற சொல்லும், வழிபடுதலிலிருந்து ‘கல்ட்’ என்ற சொல்லும், உழவிலிருந்து ‘கல்ச்சர்’ என்ற சொல்லும் கிளைத்தன. குடியேற்றமும் பண்பாடும் ஒரே வேரில் பிறந்தவை என்பது பிற்கால வரலாற்றை நினைத்தால் சற்றுக் கசப்பான செய்திதான். மனத்தையும் நிலத்தைப் போல உழுது பண்படுத்தலாம் என்ற உருவகத்தை ரோமானிய நாவலர் சிசரோ கி.மு. 45-ஐ ஒட்டி எழுதிய நூலில் கையாண்டு, மெய்யியலையே ‘மனத்தின் உழவு’ என்றார். அதற்குப் பின்னும் நெடுங்காலம் அச்சொல் ஒரு செயலையே குறித்தது. எதைப் பண்படுத்துவது என்ற செயப்படுபொருள் அதனுடன் ஒட்டியே வந்தது. பதினெட்டாம் நூற்றாண்டின் இறுதியை நெருங்கும்போதுதான் அது செயப்படுபொருளை உதறிவிட்டு, ஒரு மக்கள் கூட்டம் உடைமையாகக் கொண்டிருக்கும் ஒரு பொருளைப் போலத் தனித்து நிற்கத் தொடங்கியது.

அப்படித் தனித்து நின்றபோது அது இரண்டாகப் பிளந்தது. ஆங்கிலக் கவிஞரும் விமர்சகருமான மேத்யூ ஆர்னல்ட் 1869-இல், உலகில் இதுவரை எண்ணப்பட்டவற்றிலும் சொல்லப்பட்டவற்றிலும் மிகச் சிறந்ததை அறிவதே கல்ச்சர் என்ற பொருளில் எழுதினார். இரண்டே ஆண்டுகள் கழித்து, 1871-இல், மானிடவியலாளர் எட்வர்ட் டைலர், அறிவு, நம்பிக்கை, கலை, ஒழுக்கம், சட்டம், வழக்கம் ஆகியவற்றோடு சமூகத்தின் உறுப்பினன் என்ற முறையில் மனிதன் பெறும் பிற திறமைகளும் பழக்கங்களும் அடங்கிய முழுமைக்கு அதே சொல்லைச் சூட்டினார். முதலாவது பொருளில் கல்ச்சர் சிலருக்கு உண்டு, பலருக்கு இல்லை. இரண்டாவது பொருளில் அது இல்லாத மனிதரே இல்லை. ஒன்று தரம் பிரிக்கிறது, மற்றொன்று விவரிக்கிறது. 1952-இல் அமெரிக்க மானிடவியலாளர்களான குரோபரும் குளுக்கோனும் இச்சொல்லுக்கு வழங்கப்பட்ட 164 வரையறைகளைத் தொகுத்துக் காட்டினார்கள். எனினும் நூல்களைப் படிக்கும்போது நமக்கு வேண்டியது பெரும்பாலும் இந்த இரண்டின் வேறுபாடுதான். 1958-இல் ‘பண்பாடும் சமூகமும்’ என்னும் பொருள்படும் தலைப்பில் நூல் எழுதிய ரேமண்ட் வில்லியம்ஸ், தொழில்துறை, மக்களாட்சி, வர்க்கம், கலை, பண்பாடு ஆகிய ஐந்து சொற்களின் பொருள் ஒரே காலகட்டத்தில் மாறியதைக் காட்டி, ஒரு சொல்லின் வரலாறே ஒரு சமூகத்தின் வரலாறாக இருக்க முடியும் என்பதை நிறுவினார். அகராதிக்காரர்கள் அவரிடம் கற்றுக்கொள்ள வேண்டியது நிறைய இருக்கிறது.

தமிழுக்கு வருவோம். ‘கல்ச்சர்’ என்பதற்கு நிகராக இங்கே முதலில் வழங்கிய சொற்களுள் இன்றும் செல்வாக்கோடு இருப்பது ‘கலாசாரம்’. கலை, ஆசாரம் என்ற இரண்டும் சேர்ந்த வடமொழிப் புணர்ச்சி அது. இரண்டு உயிர்களுக்கு இடையில் வரும் தனிச் சகரத்தைத் தமிழர் மென்மையாக ஒலிப்பதால், மூலத்தின் வல்லொலியைக் காக்க விரும்பியவர்கள் ‘கலாச்சாரம்’ என்று ஒற்றிட்டு எழுதினார்கள். இரு வடிவங்களும் நிலைத்துவிட்டன. இச்சொல்லின் குறை எழுத்தில் இல்லை, ஆசாரத்தில் இருக்கிறது. தமிழில் ஆசாரம் என்றவுடன் விதிகளும் விலக்குகளும் தூய்மைத் தீட்டுகளுமே நினைவுக்கு வருகின்றன; ஆகவே கலாசாரம் எப்போதும் காக்கப்பட வேண்டிய, கெட்டுப்போகக் கூடிய ஒன்றாகவே பேசப்படுகிறது. ‘கலாசாரச் சீரழிவு’ என்ற தொடர் நாவில் எளிதாக உருளுவதற்கும், ‘கலாசார ஆய்வு’ என்ற தொடர் அவ்வளவு எளிதாக உருளாததற்கும் இதுவே காரணம் என்று நினைக்கிறேன்.

‘பண்பாடு’ என்ற சொல்லை ‘கல்ச்சர்’ என்பதற்கு நிகராக 1937-இல் கையாண்டவர் ரசிகமணி டி.கே. சிதம்பரநாத முதலியார் என்று அகராதி அறிஞர் வையாபுரிப்பிள்ளை பதிவு செய்திருக்கிறார். தொண்ணூறு ஆண்டுகள்கூட நிறையாத இச்சொல் மிகப் பழமையானது போல் நம் காதில் ஒலிப்பதற்குக் காரணம் அதன் உறுப்புகள் பழமையானவை என்பதே. படு என்னும் வினை முதனிலை நீண்டு ‘பாடு’ ஆகும். வேறுபடு வேறுபாடு ஆவதும், மேம்படு மேம்பாடு ஆவதும், பண்படு பண்பாடு ஆவதும் ஒரே வழியில்தான். பண்ணுதல் என்பதற்குப் பழந்தமிழில் ஆயத்தப்படுத்துதல் என்ற பொருளும் உண்டு. யானையைப் போருக்கு அணிசெய்வதும் யாழை இசைக்கு முறுக்குவதும் பண்ணுதலே. நிலத்தைப் பண்படுத்துகிறோம், உள்ளமும் பண்படுகிறது என்கிறோம். இலத்தீன் சொல்லின் உழவு உருவகம் இவ்வாறு முயற்சியின்றியே தமிழில் வந்து அமர்ந்துவிட்டது. வங்காளத்தில் இதற்கு நேர்மாறாக நடந்தது: உழுதல் என்னும் வேரிலிருந்து ‘கிருஷ்டி’ என்ற சொல்லை அங்கே ஆக்கியபோது, தாகூர் அதை விரும்பாமல் ‘சம்ஸ்கிருதி’ என்பதையே ஏற்றார். ஏரின் வாடை அவருக்கு உறுத்தியது போலும், நமக்கு உறுத்தவில்லை.

‘பண்பு’ என்ற அடிச்சொல்லிலும் ஆர்னல்டுக்கும் டைலருக்கும் இடையிலுள்ளதைப் போன்ற ஒரு பிளவு காணப்படுகிறது. இலக்கணத்தில் பண்பு என்பது வெறும் தன்மை: வண்ணம், வடிவம், அளவு, சுவை. ‘கருங்குதிரை’ பண்புத்தொகை என்றால் கருமை நல்லது என்று பொருளல்ல. அறநூலிலோ பண்பு என்றால் நற்பண்பு மட்டுமே. ‘பண்புடையார்ப் பட்டுண்டு உலகம்’ என்ற குறளில் தீய பண்புக்கு இடமே இல்லை. முன்னது விவரிக்கிறது, பின்னது தரம் பிரிக்கிறது. ‘பண்பாடு’ புதிதாகப் பிறந்தபோது அறநூலின் பொருளையே சுமந்து வந்தது. அதனால்தான் ‘பண்பாடற்றவன்’ என்பது இன்றும் வசைச்சொல்லாக இருக்கிறது. இத்துறை நூல்கள் செய்த முதன்மையான வேலை, அச்சொல்லை அறநூலிலிருந்து பெயர்த்து இலக்கண நூலின் பக்கம் நகர்த்தியது என்று சொல்வேன். ராஜ் கௌதமன் 1993-இல் ‘தலித் பண்பாடு’ என்று ஒரு நூலுக்குப் பெயரிட்டபோது, பண்பாடு இல்லாதவர்கள் என்று ஒதுக்கப்பட்ட மக்களின் பெயருக்குப் பக்கத்தில் அச்சொல்லை நிறுத்தினார், தலைப்பே வாதமாகிவிட்டது. தொ. பரமசிவனின் ‘பண்பாட்டு அசைவுகள்’ என்ற தலைப்பும், நிலையானது என்று நாம் எண்ணிய ஒன்றை அசையும் பொருளாக்குகிறது.

ஆயினும் அறநூற் பொருளை முற்றாகத் துறக்க வேண்டியதில்லை. ‘பண்பு எனப்படுவது பாடு அறிந்து ஒழுகுதல்’ என்ற கலித்தொகை அடியைத் திருக்குறளின் பண்புடைமை அதிகார உரையின் முன்னுரையில் எடுத்துக்காட்டும் பரிமேலழகர், பண்பாவது ‘எல்லார் இயல்புகளும் அறிந்து ஒத்து ஒழுகுதல்’ என்கிறார். பிறர் இல்லாமல் பண்பு இல்லை என்பது அதன் உட்கிடை. பண்பாட்டுக்கும் சமூகத்துக்கும் உள்ள உறவை விளக்கத் தடித்த நூல்கள் எடுத்துக்கொள்ளும் பக்கங்களை நினைத்தால், இந்தச் சுருக்கம் வியப்பளிக்கிறது.

‘நாகரிகம்’ என்பதை இதனோடு குழப்பக் கூடாது. நகரத்தை அடியாகக் கொண்ட அது, குடிமகனைக் குறிக்கும் இலத்தீன் சொல்லிலிருந்து வந்த ‘சிவிலைசேஷன்’ என்பதற்கு நிகராக நிலைபெற்றுவிட்டது. திருக்குறளில் ‘நயத்தக்க நாகரிகம்’ என்பது கண்ணோட்டத்தை, அதாவது பிறர்பால் காட்டும் இரக்கத்தைச் சுட்டும் என்பதை மட்டும் நினைவில் வைத்துக்கொண்டு மேலே செல்லலாம்.

இனிப் பின்பாதி. ‘கிரிட்டிசிசம்’ என்பதன் கிரேக்க மூலம் பிரித்தறிதல், தீர்ப்பளித்தல் என்று பொருள்படும் வினை. தமிழில் இதற்கு வழங்கும் ‘விமர்சனம்’ வடமொழியில் தொட்டுப் பார்த்தல், எண்ணிப் பார்த்தல் என்ற பொருளுடைய வேரிலிருந்து வருவது. காஷ்மீர சைவத்தில் ‘விமர்சம்’ என்பது அறிவு தன்னைத் தானே உணரும் ஆற்றலுக்கே பெயர். பண்பாட்டைக் குறைகூறுபவரும் அப்பண்பாடு அளித்த கருவிகளைக் கொண்டே குறைகூறுகிறார் என்று அடோர்னோ சுட்டும் இக்கட்டுக்கு இவ்வளவு பொருத்தமான வேரைத் தேடினாலும் கிடைக்காது. ஆனால் சொற்கள் வேர்களில் வாழ்வதில்லை. இன்றைய தமிழில் ஒருவர் ‘விமர்சனத்துக்கு உள்ளானார்’ என்றால் ஏச்சு வாங்கினார் என்று பொருள். ‘திரை விமர்சனம்’ என்றால் படம் பார்க்கலாமா வேண்டாமா என்ற பரிந்துரை. இவ்விரண்டுக்கும் நடுவில் ஆராய்ச்சிப் பொருள் நசுங்கிக் கிடக்கிறது. ‘பண்பாட்டு விமர்சனம்’ என்று கேட்டவுடன், யாரோ நம் பண்பாட்டை இழிவுபடுத்துகிறார்கள் என்று சிலர் சினம் கொள்வதற்கு அத்தொடரின் இரு பாதிகளும் சம அளவில் பொறுப்பு: முன்பாதி புகழ்ச்சியாகவும் பின்பாதி பழிப்பாகவும் கேட்கப்படுகின்றன.

‘திறனாய்வு’ என்ற தமிழ்ச்சொல் இலக்கியக் கல்வியில் வேரூன்றியது. ஆய்தல் என்பதற்கு உள்ளதன் நுணுக்கம் என்று தொல்காப்பிய உரியியல் பொருள் தருகிறது. ஒன்றை மேலும் மேலும் நுண்ணிதாக்கிக் காண்பது. திறன் என்பதை ஆற்றல், சிறப்பு என்று மட்டும் கொண்டு, பண்பாட்டில் சிறப்பைத் தேடுவது இத்துறையின் வேலையல்லவே என்று தடை எழுப்புவோர் உண்டு. தடை நியாயமானதுதான், ஆனால் திறனுக்கு அது ஒன்றே பொருளன்று. ‘திறனறிந்து சொல்லுக சொல்லை’ என்ற குறளுக்கு உரை எழுதும் பரிமேலழகர், சொல்வோருடையவும் கேட்போருடையவும் ஆகிய திறங்களாவன ‘குடிப்பிறப்பு, கல்வி, ஒழுக்கம், செல்வம், உருவம், பருவம்’ என்பவற்றால் வரும் தகுதி வேறுபாடுகள் என்று விரிக்கிறார். யார் பேசுகிறார், எந்தப் பிறப்பிலிருந்து, எவ்வளவு கல்வியோடும் செல்வத்தோடும், யாரை நோக்கி என்று ஒரு பாடலையோ விளம்பரத்தையோ சடங்கையோ பார்த்துக் கேட்பதுதானே பண்பாட்டு விமர்சனத்தின் அன்றாட வேலை? அமைச்சருக்கு அறிவுரையாக எழுதப்பட்ட ஓர் உரைப்பகுதி, இத்துறையின் கேள்வித்தாள் போல் அமைந்திருக்கிறது. ஆதலால் ‘பண்பாட்டுத் திறனாய்வு’ என்பதையே இத்துறைக்கு உரிய தமிழ்ப்பெயராகப் பரிந்துரைக்கிறேன். வடசொல் வெறுப்பு இதற்குக் காரணமல்ல. பரிமேலழகர் சொல்லும் திறன் அதற்குள் இருப்பதே காரணம். ‘விமர்சனம்’ என்று எழுதுவோர் எழுதட்டும். அது வழக்கில் நின்றுவிட்ட சொல்.

‘சொசைட்டி’ என்பதற்கு வழங்கும் சமூகம், சமுதாயம் என்ற இரண்டும் வடமொழியில் திரள், தொகுதி என்ற பொருளுடையவை. பாவாணர் மரபினர் ‘குமுகம்’, ‘குமுகாயம்’ என்று எழுதுவர். அவை பொது வாசகரிடம் பரவவில்லை. மேடைப் பேச்சில் ‘எங்கள் சமுதாயம்’ என்பது பெரும்பாலும் சாதியைச் சுட்டுவதால், துறைச்சொல்லாகச் ‘சமூகம்’ என்பதை ஆளுவதே தெளிவு. அதுவும் அந்தக் கறையிலிருந்து முற்றும் தப்பவில்லை.

மொழிபெயர்ப்பாளர் இடறும் இடம் ஒன்று மிச்சம் இருக்கிறது. ஜெர்மானியச் சிந்தனையாளர் ஹோர்க்ஹைமரும் அடோர்னோவும் 1940-களில் எழுதிய நூலில் ‘கல்ச்சர் இண்டஸ்ட்ரி’ என்ற தொடரை ஆக்கினார்கள். முதல் வரைவில் ‘வெகுசனப் பண்பாடு’ என்று பொருள்படும் தொடரே இருந்ததாகவும், அது மக்களிடமிருந்து தானாக எழுந்தது என்று யாரும் கருதிவிடாதிருக்க அதை மாற்றியதாகவும் அடோர்னோ பின்னாளில் விளக்கினார். அதைத் தமிழில் ‘மக்கள் பண்பாடு’ என்றோ ‘வெகுசனப் பண்பாடு’ என்றோ பெயர்த்தால், ஆசிரியர்கள் அடித்துவிட்ட சொல்லையே நாம் மீண்டும் எழுதிவைக்கிறோம். ‘பண்பாட்டுத் தொழில்’ என்றாலும் போதாது. தமிழில் தொழில் என்பது தச்சும் நெசவும் போன்ற கைவினையையும் குறிக்கும் என்பதால், கலைஞர் ஒருவர் தம் கையால் செய்யும் வேலை என்ற எண்ணம் அதில் ஒட்டிக்கொள்கிறது. ‘பண்பாட்டுத் தொழில்துறை’ என்பதே பொருந்தும். பண்பாடு என்ற சொல்லுக்கு அருகே ஆலையின் புகை வருவது படிப்பவருக்குச் சற்று நெருடும். மூலத்தை எழுதியவர்கள் விரும்பியதும் அந்த நெருடலைத்தான்.