ஒப்பனையில்லாத முகமும் சிவப்பு தெரியாத ஃபிலிமும்

சமய விரோதி என்று தீர்ப்பாகி 1431-ல் பிரான்ஸின் ரூவான் நகரில் எரிக்கப்பட்டவர் ஜோன் ஆஃப் ஆர்க். அவர் மீதான விசாரணையை 1928-ல் கார்ல் தியோடர் டிரையர் மௌனப் படமாக்கினார். பெரும்பாலும் முகங்கள்தான். ஜோனாக நடித்த ஃபால்கோனெட்டியின் கன்னத்தில் இறங்கும் கண்ணீர், காய்ந்த உதடு, நீதிபதிகளின் மருக்கள் எல்லாம் அப்படியே தெரியும். ஒருவருக்கும் ஒப்பனை கிடையாது. பழைய ஃபிலிமில் இது நடந்திருக்காது.

ஃபிலிமில் உள்ள சில்வர் புரோமைடு துகள் இயல்பில் நீலத்தையும் புற ஊதாவையும் மட்டுமே உணரும். சுமார் 500 நானோமீட்டரைத் தாண்டினால் அதற்கு இருட்டுதான். தகுந்த சாயத்தைச் சேர்த்தால் துகள் பச்சையையும் உணரும் என்று 1873-ல் ஹெர்மன் ஃபோகல் கண்டறிந்தார். சாயம் ஒளியை வாங்கி, எலக்ட்ரானைத் துகளிடம் தள்ளிவிடுகிறது. அப்படிப் பிறந்த ஆர்த்தோகுரோமாட்டிக் ஃபிலிமுக்கும் சிவப்பு தெரியாது. அதனால் உதடு கறுக்கும், தோலின் சிவந்த திட்டுகள் அழுக்குபோல் விழும், நீலக் கண் வெளிறும். இதை மறைக்கத்தான் அக்கால நடிகர்கள் முகத்தில் அவ்வளவு கனமாகப் பூச்சு பூசினார்கள். கைபேசியில் எடுத்த முகப் படத்தில் நீல நிறத்தின் அளவை மட்டும் வைத்துக் கறுப்பு வெள்ளையாக்கிப் பாருங்கள். பருவும் தழும்பும் எப்படித் துருத்திக்கொண்டு நிற்கின்றன என்று புரியும்.

சிவப்பையும் உணரும் பேன்குரோமாட்டிக் ஃபிலிம்தான் டிரையருக்குக் கைகொடுத்தது. ஆனால் கழுவும் அறையில் அது படுத்தும். ஆர்த்தோ ஃபிலிமைச் சிவப்பு விளக்கில் பார்த்துக்கொண்டே கழுவலாம். போதும் என்று தோன்றும்போது எடுத்துவிடலாம். பேன் ஃபிலிமுக்குக் கும்மிருட்டு வேண்டும். கண்ணை நம்ப முடியாது, கடிகாரமும் வெப்பமானியும்தான் கதி. கரைசல் சூடு கொஞ்சம் ஏறினால் நெற்றியின் வெளிச்சம் வெள்ளைத் திட்டாகிவிடும். தோலின் நயம் போய்விடும்.

அந்த நயத்துக்கு இன்னொரு எதிரி நகல். ஃபிலிமிலிருந்து ஃபிலிமுக்குப் பிரதி எடுக்கும் ஒவ்வொரு முறையும் படத்தின் துகள்கள் பருத்துத் தெரியும், இடைப்பட்ட சாம்பல் நிறங்கள் தேயும். 1928 டிசம்பரில் பெர்லின் தீ விபத்தில் மூல நெகட்டிவ் எரிந்தது. நைட்ரேட் ஃபிலிம் தனக்கு வேண்டிய ஆக்சிஜனைத் தன்னுள்ளேயே வைத்திருப்பதால், பற்றிக்கொண்டால் தண்ணீரிலும் அணையாது. ஒதுக்கிய காட்சிகளை வைத்து டிரையர் மீண்டும் ஒரு பதிப்பைத் தொகுத்தார். பிறகு பல பத்தாண்டுகள் உலகம் பார்த்தவை குறைபட்ட பிரதிகளே.

1981-ல் ஆஸ்லோ அருகே டிகெமார்க் மனநல மருத்துவமனையின் அலமாரியொன்றில், டேனிஷ் எழுத்துகளோடு அந்த முதல் நெகட்டிவிலிருந்து எடுத்த பிரதி கிடைத்தது. அதில் ஜோனின் கன்னத்தில் கண்ணீர் போன தடத்தின் மினுமினுப்புகூட அழியாமல் இருக்கிறது.