ஆட்டின் தலை நடுங்கினால் ஓடைக்கரையைப் பாருங்கள்

"குடற்புழு மருந்து இரண்டு தடவை கொடுத்துவிட்டேன் டாக்டர், ஆடு தேறவே இல்லை" என்று வருபவர்களிடம் நான் முதலில் கேட்பது, ஆடு எங்கே மேய்கிறது என்பதைத்தான். ஓடைக்கரை, வாய்க்கால் ஓரம் என்று பதில் வந்தால் அடுத்த கேள்வி: அங்கே வெளிர் ஊதாவில், புனல்போல் விரிந்த பூவுடன் புதர் மண்டியிருக்கிறதா?

அதுதான் நெய்வேலிக் காட்டாமணக்கு. பெயரில்தான் ஆமணக்கு, உண்மையில் இது சர்க்கரைவள்ளியின் குடும்பம். வெப்பமண்டல அமெரிக்காவிலிருந்து வந்து, நீர் தேங்கும் இடமெல்லாம் வேரூன்றிவிட்டது.

"விஷத்தழையை ஆடு தொடாது" என்று பலர் நம்புகிறார்கள். அந்த நம்பிக்கையால் செத்த ஆடுகளை நான் பார்த்திருக்கிறேன். நல்ல மேய்ச்சல் இருக்கும்வரை ஆடு இதைப் பெரும்பாலும் ஒதுக்கும். கோடையில் மற்றதெல்லாம் கருகியபின் கரையில் இது மட்டும் பச்சையாக நிற்கும். பசியில் கடிக்கும். பழகிவிட்டால், பிறகு நல்ல தீவனம் போட்டாலும் இதையே தேடிப் போகும். அதைப் பார்த்து மற்ற ஆடுகளும் கற்றுக்கொள்ளும்.

தழையில் உள்ள நஞ்சுகளில் முக்கியமானது ஸ்வைன்சோனின். 1979இல் ஆஸ்திரேலியச் செடி ஒன்றிலிருந்து முதலில் பிரித்தெடுக்கப்பட்டது. இந்தச் செடியில் அதை உண்டாக்குவது, திசுவுக்குள் குடியிருக்கும் ஒரு பூஞ்சை. உயிரணுவுக்குள் சர்க்கரைச் சங்கிலிகளை உடைக்கும் நொதியை இந்த நஞ்சு முடக்குகிறது. உடையாத சர்க்கரை உயிரணுவுக்குள்ளேயே தேங்கிக் குமிழ் குமிழாக வீங்குகிறது. சிறுமூளையின் நரம்பணுக்கள் கடுமையாகப் பாதிக்கப்படுவதால்தான் தள்ளாட்டம்.

ஒரே நாளில் எதுவும் தெரியாது. சில வாரங்கள் தின்றபின் ஆடு மெலியும், மந்தமாக நிற்கும், தலை நடுங்கும், பின்னங்கால்கள் பின்னும். தலையைச் சற்று நேரம் உயர்த்திப் பிடித்துவிட்டால், கண்கள் துடித்து ஆடு சரிந்து விழும். இந்தச் சோதனையைக் கால்நடை மருத்துவரிடம் விட்டுவிடுங்கள். வெறிநோயிலும் ஆடு தள்ளாடும், வாயருகே கை கொண்டுபோவது ஆபத்து. சினை ஆட்டுக்குக் கரு கலையலாம். நஞ்சு பாலிலும் இறங்குவதால் குட்டியும் தப்பாது.

இதற்கு முறிமருந்து கிடையாது. நடுக்கம் தொடங்கியவுடனே மேய்ச்சலை மாற்றினால் ஆடு தேற வாய்ப்புண்டு. மாதக்கணக்கில் தின்ற ஆட்டுக்கு அழிந்த நரம்பணுக்கள் திரும்புவதில்லை. ஆகவே ஊசி போடச் சொல்லிக் காத்திருக்காமல், அன்றைக்கே ஆட்டைக் கரையிலிருந்து ஓட்டிவிடுங்கள்.

செடியை அரிவாளால் வெட்டிக் கரையிலேயே போடுவதைப் பார்க்கும்போது எனக்குப் பதைப்பாக இருக்கும். ஈரத்தில் கிடக்கும் ஒவ்வொரு தண்டும் வேர்விட்டுப் புதராகும். வேரோடு பிடுங்கி, நீரிலிருந்து தள்ளிக் காயப்போடுங்கள். காய்ந்த தழையிலும் நஞ்சு அப்படியே இருக்கும் என்பதால், அந்தக் குவியல் ஆட்டுக்கு எட்டாத இடத்தில் இருக்கட்டும்.