வளர்ச்சி மையமா, வளர்ச்சி முனையா?

தொழில் துறை, நகர்ப்புறத் துறை அறிவிப்புகளில் 'வளர்ச்சி மையம்' என்ற சொல் ஓயாமல் வருகிறது. அதே பொருளில் சிலர் 'வளர்ச்சி முனையம்' என்று எழுதுகிறார்கள். பொருளியல், புவியியல் வகுப்புகளில் 'வளர்ச்சித் துருவம்', 'வளர்ச்சி முனை' என்றும் சொல்வதுண்டு. எல்லாம் ஒன்றுதானே என்று தோன்றும். இந்தச் சொற்களுக்குப் பின்னால் இருப்பவை வேறு வேறான இரண்டு கருத்துகள். அவற்றைக் குழப்பிக்கொண்டால், ஒரு தொழிற்சாலை வந்ததும் சுற்றியுள்ள ஊர்களும் தாமாகவே செழித்துவிடும் என்று நம்பத் தொடங்கிவிடுவோம். வட ஆற்காட்டுக்காரர்களுக்கு அந்த நம்பிக்கையின் விலை தெரியும்.

முதலில் முனை. பிரெஞ்சுப் பொருளியலாளர் பிரான்சுவா பெரூ 1955இல் எழுதிய கட்டுரை இந்தக் கருத்துக்குத் தொடக்கம். வளர்ச்சி எல்லா இடத்திலும் ஒரே நேரத்தில் தலைகாட்டாது. சில முனைகளில் தோன்றி, வெவ்வேறு வழிகளில், வெவ்வேறு வேகத்தில் பரவும் என்றார் அவர். அவர் எடுத்த பிரெஞ்சுச் சொல்லான 'போல்', சுழலும் அச்சைக் குறித்த கிரேக்கச் சொல்லின் வழி வந்தது. பூமியின் துருவத்துக்கும் காந்தத்தின் முனைக்கும் அதே பெயர்தான். பெரூவின் மனத்தில் இருந்ததும் காந்தப்புலம் போன்ற ஒரு விசைப்புலம்தான். முனை வெளியே தள்ளும், உள்ளேயும் இழுக்கும். இந்த இழுப்பைப் பின்னால் வந்த திட்டக்காரர்கள் பலர் வசதியாக மறந்துவிட்டார்கள்.

இன்னொன்று, பெரூ சொன்ன முனை ஓர் ஊரே கிடையாது. மற்ற தொழில்களை இழுத்துக்கொண்டு ஓடும் ஒரு பெருந்தொழிலையும் அதைச் சார்ந்த தொழில் கூட்டத்தையும்தான் அவர் முனை என்றார். அதை வரைபடத்தில் இறக்கி ஊரோடு சேர்த்தவர் ழாக் பூதவில். அது 1960களில் நடந்தது.

இதைப் புரிந்துகொள்ள நமக்குத் தோல் தொழிலே போதும். ஆம்பூர், வாணியம்பாடி, பேரணாம்பட்டு, மேல்விஷாரம், ராணிப்பேட்டை என்று பாலாற்றை ஒட்டி அது நீண்டு கிடக்கிறது. பச்சைத் தோல் வருகிறது. அதற்கு உப்பு வேண்டும், முடி நீக்கச் சுண்ணாம்பு வேண்டும். ஒரு காலத்தில் பதனிட ஆவாரம்பட்டை போதுமாக இருந்தது. 1970களில் அரை பதம் செய்த தோலின் ஏற்றுமதியை மத்திய அரசு கட்டுப்படுத்தி, முழுப் பதம் செய்த தோலையும் காலணியையும் ஊக்குவித்தது. தோல் பதனிடும் ஷாப்புகள் ஆவாரம்பட்டையை விட்டுக் குரோமிய உப்பால் பதனிடுவதற்கு மாறின. ரசாயனக் கடைகள் வந்தன, சாயம் வந்தது, அப்புறம் காலணி ஆலைகள், அட்டைப்பெட்டி, லாரி புக்கிங் எல்லாம் வந்தன. காலை ஷிப்டுக்கு கிராமங்களிலிருந்து பெண்களை ஏற்றிக்கொண்டு கம்பெனி பஸ்கள் ஆம்பூருக்குப் போகின்றன. பெரூ சொன்ன முனை இதுதான். ஒரு தொழில், அதன் முன்னும் பின்னும் பிணைந்த பத்துத் தொழில்.

மையம் வேறு வழியில் வந்த கருத்து. 1933இல் வால்டர் கிறிஸ்டாலர் என்ற ஜெர்மானியப் புவியியலாளர், தெற்கு ஜெர்மனியின் ஊர்களை ஆராய்ந்து 'மைய இடம்' என்ற கோட்பாட்டை வகுத்தார். ஒரு பொருளுக்காக மனிதர் எவ்வளவு தூரம் போவார் என்பதுதான் அவருடைய கேள்வி. உப்பு, தீப்பெட்டிக்கு ஊர்க்கடையைத் தாண்ட மாட்டோம். மாடு வாங்க, விற்க என்றால் செவ்வாய்க்கிழமை பொய்கைச் சந்தைக்குப் போவோம். பட்டுப்புடவைக்கும் நகைக்கும் வேலூர். இப்படிச் சிறு வட்டங்களும் பெரிய வட்டங்களும் ஒன்றுக்குள் ஒன்றாக அமைகின்றன. ஒவ்வொரு வட்டத்தின் நடுவில் ஒரு மைய ஊர். வேலூர் சி.எம்.சி. மருத்துவமனை மட்டும் இந்தக் கணக்குக்குள் அடங்காது. 1900இல் ஐடா ஸ்கடர் சிறிதாகத் தொடங்கியது அது. இன்று வங்காளத்திலிருந்தும் வடகிழக்கிலிருந்தும் வங்கதேசத்திலிருந்தும் நோயாளிகள் வருகிறார்கள். காந்தி ரோட்டுப் பக்கம் லாட்ஜ், ஹோட்டல் பலகைகளில் வங்காள எழுத்தைப் பார்க்கலாம். ஆனாலும் அது செய்வது மையத்தின் வேலைதான். மக்கள் தேடி வந்து சேவை பெற்றுத் திரும்புகிறார்கள்.

ஆக, முனையை அறிய அங்கே என்ன உற்பத்தியாகிறது, அது எதை எதை இழுத்து வருகிறது என்று கேட்க வேண்டும். மையத்தை அறிய அங்கே யார் எதற்காக வருகிறார்கள் என்று கேட்க வேண்டும்.

இந்தியத் திட்டக்காரர்கள் இரண்டையும் ஒரே ஏணியில் ஏற்றினார்கள். புவியியலாளர் ஆர்.பி. மிஸ்ரா 1970களில் வகுத்த வரிசையில் மேலே வளர்ச்சி முனை, அதன் கீழ் வளர்ச்சி மையம், பிறகு வளர்ச்சிப் புள்ளி, சேவை மையம், கடைசியில் நடுக் கிராமம். 1979இல் சிறு, நடுத்தர நகரங்களின் ஒருங்கிணைந்த மேம்பாட்டுத் திட்டம் வந்தது. 1988இல் பின்தங்கிய பகுதிகளுக்கான மத்திய அரசின் தொழில் வளர்ச்சி மையத் திட்டம் வந்தது. பெருந்துறையிலும் கங்கைகொண்டானிலும் மாநில அரசின் தொழிற்பூங்கா நிறுவனமான சிப்காட்டின் பெயரோடு 'வளர்ச்சி மையம்' ஒட்டிக்கொண்டது இதனால்தான். பொருளைப் பார்த்தால் அவை முனைகள். பலகையில் மட்டும் மையம் ஆகிவிட்டன.

இனித் தமிழ்ச்சொல். 'துருவம்' வடசொல். நிலையானது, அசையாதது என்பது அதன் வேர்ப்பொருள். துருவ நட்சத்திரம் அதனால்தான் அப்படி அழைக்கப்படுகிறது. வளர்ச்சி ஓரிடத்திலிருந்து நகர்ந்து பரவும் என்று சொல்ல வந்த கருத்துக்கு அசையாததைக் குறிக்கும் சொல் பொருந்தவில்லை. 'முனை' நல்ல தமிழ். காந்த முனை என்று பள்ளியிலேயே படித்திருக்கிறோம், இழுக்கும் பொருளும் கூடவே வந்துவிடுகிறது. 'முனையம்' வேண்டாம். அது பேருந்து முனையம், சரக்கு முனையம் என்று வழி முடியும் இடத்துக்கு நிலைத்துவிட்ட சொல். தென்னிந்தியாவின் முதல் ரயில் 1856 ஜூலை 1 அன்று ராயபுரத்திலிருந்து புறப்பட்டு இன்றைய வாலாஜா ரோடு நிலையம் வரை வந்ததே, அன்றைக்கு அந்த நிலையம் முனையம். 'சென்டர்' என்பதற்கு மையம் ஊன்றிவிட்டது. 'நடுவம்' என்று சிலர் எழுதுகிறார்கள். நடு என்ற வேர் கன்னடத்திலும் தெலுங்கிலும் இருக்கும் பழைய வேர்தான். ஆனால் வழக்கில் வேரூன்றிய மையத்தை மாற்றத் தேவையில்லை என்பது என் கருத்து.

மக்கள் வாயில் இருந்த சொல்லை எடுத்து ஆக்கினால் அது நிற்கும் என்பதற்கு இந்த மாவட்டங்களிலேயே சான்று உண்டு. ராணிப்பேட்டை, வாலாஜாபேட்டை, ஜோலார்பேட்டை. வணிகரும் நெசவாளரும் வண்டிக்காரரும் கூடிய இடம் பேட்டை. அதிலிருந்து 'தொழிற்பேட்டை' பிறந்தது. யாரும் விளக்கம் கேட்கவில்லை.

சிக்கல் அதிகம் 'வளர்ச்சி'யில்தான். குரோத் வேறு, டெவலப்மென்ட் வேறு. முன்னது அளவு பெருகுவது, பின்னது வாழ்வு சீர்படுவது. நம் அலுவலக வழக்கில் வட்டார வளர்ச்சி அலுவலர் என்கிறோம், விரிவு அபிவிருத்தித் திட்டம் என்கிறோம், மேம்பாட்டுக் கழகம் என்கிறோம். மூன்றும் டெவலப்மென்ட்தான். வளர்ச்சி என்ற ஒரே சொல் இரண்டு வேலையையும் செய்வதால், ஆலை பெருகினாலே ஊர் மேம்பட்டுவிட்டது என்ற எண்ணம் சொல்லுக்குள்ளேயே ஒளிந்துகொள்கிறது.

பாலாற்றைப் பாருங்கள். ஏற்றுமதி பெருகியது, வேலை பெருகியது, பணமும் வந்தது. கிணற்று நீர் கெட்டது. நிலம் உவர்ந்து விளையாமல் போனது. வேலூர் குடிமக்கள் நல மன்றம் தொடுத்த வழக்கில் 1996இல் உச்ச நீதிமன்றம் அளித்த தீர்ப்பு, மாசுபடுத்தியவரே இழப்பைக் கட்ட வேண்டும் என்ற நெறியை இந்தியச் சட்டத்தில் உறுதிப்படுத்தியது. ராணிப்பேட்டையில் 1990களில் மூடப்பட்ட ஒரு குரோமேட் ஆலையின் கழிவு, லட்சம் டன்னுக்கு மேல், ஆலை போன பிறகும் குவிந்து கிடந்தது. ஸ்வீடன் நாட்டுப் பொருளியலாளர் குன்னார் மிர்தால் 1957இலேயே இதற்கு நெருக்கமான ஒன்றைச் சொன்னார். ஒரு முனையிலிருந்து நன்மை வெளியே பரவும், சுற்றியுள்ள இடத்தின் ஆளும் பணமும் உள்ளேயும் இழுக்கப்படும். முன்னதற்குத் தமிழில் 'பரவல் விளைவு' நன்றாக இருக்கிறது. பின்னதற்கு 'உறிஞ்சல் விளைவு' என்று எழுதலாம். இங்கே ஆளோடும் பணத்தோடும் தண்ணீரும் உறிஞ்சப்பட்டது.

நகரத்திலிருந்துதான் வளர்ச்சி கிராமத்துக்குக் கசிய வேண்டும் என்பதும் இல்லை. 1980களில் அனைத்துலக உணவுக் கொள்கை ஆய்வு நிறுவனமும் தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகமும் வட ஆற்காட்டில் பசுமைப் புரட்சியை ஆராய்ந்தன. வேளாண்மையில் ஒரு ரூபாய் வருமானம் கூடினால், வேளாண்மை அல்லாத தொழில்களில் சுமார் 87 பைசா கூடுதலாகப் பிறக்கிறது என்று கண்டார்கள். கிணறு, பம்புசெட், புதிய நெல் ரகம். அந்தப் பணம் உரக்கடைக்கும் அரிசி ஆலைக்கும் துணிக்கடைக்கும் பஸ்ஸுக்கும் போயிற்று. ஆரணி போன்ற ஊர்கள் நெல்லாலும் பட்டாலும் தழைத்தன. பெரிய ஆலை எதையும் யாரும் கொண்டுவந்து நடவில்லை. பட்டியலில் பெயர் ஏறாத வளர்ச்சி மையங்கள் இவை. ஒரு மண்டலத் திட்டம் எழுதுபவர் முதலில் இவற்றைத்தான் தேட வேண்டும்.

என் பரிந்துரை இது. ஆங்கிலத்தில் 'குரோத் போல்' என்பது வளர்ச்சி முனை. குரோத் சென்டர் என்பது வளர்ச்சி மையம். டெவலப்மென்ட் வரும் இடத்தில் மேம்பாடு. ரீஜன் என்பதற்கு வட்டாரம் வேண்டாம், அது ஊராட்சி ஒன்றியத்துக்குப் போய்விட்டது. கோட்டமும் வருவாய்த் துறைக்குப் போய்விட்டது. தொண்டை மண்டலம் காலத்திலிருந்து நம்மோடு இருக்கும் மண்டலமே சரி. வட ஆற்காடு 1989இல் இரண்டானது; 2019இல் வேலூர் மாவட்டம் மறுபடி மூன்றானது. வேலூர், ராணிப்பேட்டை, திருப்பத்தூர், திருவண்ணாமலை நான்கையும் சேர்த்துத் திட்டம் போடும்போது 'வட ஆற்காடு மண்டல மேம்பாட்டுத் திட்டம்' என்று எழுதலாம். அதற்குள் எந்த ஊர் முனை, எந்த ஊர் மையம் என்று தனித்தனியாகக் குறிக்க வேண்டும்.