உரிமைமூலம்: தலைப்பும் அல்ல, சான்றிதழும் அல்ல

வீடு கட்ட அனுமதி வாங்குவது எப்படி என்று தமிழில் வரும் குறிப்புகளில், ஆங்கில ‘டைட்டில் டீட்’ என்பதன் மொழிபெயர்ப்பாக, ‘தலைப்புப் பத்திரத்தின் நகல்’ என்ற தொடர் பரவிவிட்டது. மனை விளம்பரங்களில் ‘தெளிவான தலைப்பு’ என்கிறார்கள். கட்டுரைக்குத் தலைப்பு உண்டு, சேலைக்கும் உண்டு. வேளச்சேரியில் கிடக்கும் ஒரு கிரவுண்டு மனைக்கு ஏது தலைப்பு?

‘டைட்டில்’ என்பதன் வேர் லத்தீன் ‘டிட்டுலுஸ்’, அதாவது மேலே பொறித்து வைக்கும் எழுத்து. ஆங்கிலத்தில் அது நூலின் பெயரையும் குறிக்கும், சொத்து ஒருவருக்கு உரியதாவதற்கான அடிப்படையையும் குறிக்கும். பின்னதற்குச் சட்டத் தமிழில் ‘உரிமைமூலம்’ என்ற நல்ல சொல் இருக்கிறது. அதைக் காட்டும் தாள்கள் உரிமைமூல ஆவணங்கள்.

‘தலைப்பு’ பார்த்தவுடன் பிழை என்று தெரிந்துவிடும். அதைவிடக் கெடுதல் செய்வது, அதே ‘டைட்டில் டீட்’ என்பதற்கு வரும் இன்னொரு மொழிபெயர்ப்பான ‘சொத்துரிமைச் சான்றிதழ்’. படிக்க நன்றாக இருக்கிறது, பொருள் முழுக்கத் தவறு. சான்றிதழ் என்றால் ஓர் அலுவலர் கையெழுத்திட்டுக் கொடுப்பது: பிறப்பு, இறப்பு, வாரிசு, சாதி. ‘இந்த மனை இவருக்கே சொந்தம்’ என்று உறுதி சொல்லும் சான்றிதழை நம் ஊரில் எந்த அலுவலகமும் கொடுப்பதில்லை. கிரயம், தானம், பாகப்பிரிவினை, உயில் என்று கைமாறி வந்த வழியை வைத்துத்தான் உரிமை நிறுவப்படுகிறது. ‘சான்றிதழ்’ என்று படித்தவர் அது எங்கே கிடைக்கும் என்று தாலுகா அலுவலகத்துக்குப் போவார், பட்டாவோடு திரும்புவார், வேலை முடிந்தது என்று நினைப்பார். பட்டா வருவாய்த்துறைக் கணக்கில் நிலம் யார் பெயரில் இருக்கிறது என்பதைச் சொல்லும். அது மட்டுமே உரிமைமூலம் ஆகாது என்று நீதிமன்றங்கள் பலமுறை சொல்லிவிட்டன. வில்லங்கச் சான்றும் அப்படித்தான். கேட்ட ஆண்டுகளில் பதிவான நடவடிக்கைகளைக் காட்டுமே தவிர, பதியாமல் கிடக்கும் உயிலைக் காட்டாது. மாநகராட்சியோ சி.எம்.டி.ஏ.வோ (சென்னைப் பெருநகர வளர்ச்சிக் குழுமம்) தரும் கட்டட அனுமதிகூட உரிமைக்குச் சான்று ஆகாது.

தமிழில் இந்தத் தெளிவு புதிதல்ல. பெரியபுராணத்தில், சுந்தரரைத் தன் அடிமை என்று வழக்காட வந்த முதியவரிடம் திருவெண்ணெய்நல்லூர் அவையோர் ஆட்சி, ஆவணம், காட்சி என்ற மூன்றில் ஒன்றைக் காட்டச் சொல்கிறார்கள். அனுபவம், எழுத்து, சாட்சி. சுந்தரர் கிழித்தெறிந்தது படியோலை, அவையில் வந்தது மூலஓலை. நகலுக்கும் மூலத்துக்கும் அன்றே தனித்தனிச் சொல் இருந்த மொழி இது. மூலப்பத்திரம் என்று நாம் சொல்வது அந்த மூலஓலையின் வழிதான். ‘பத்திரம்’ வடசொல்லாயிற்றே என்று சிலர் முகம் சுளிப்பார்கள். அதற்கும் இலை என்றே பொருள். ஓலைக்குப் பக்கத்தில் அது உறுத்தவில்லை. பட்டாவையும் நான் மாற்றச் சொல்லமாட்டேன். ஊரே புரிந்துகொண்டு புழங்கும் சொல்லை விரட்டிவிட்டுப் புரியாத ஒன்றை உட்கார வைப்பது மொழிக்குச் செய்யும் தொண்டாகாது.

இன்னொரு கொடுமை, மனை முன்பு கைமாறியதைக் காட்டும் பழைய பத்திரமான ‘பேரண்ட் டாக்குமெண்ட்’ என்பதைப் ‘பெற்றோர் ஆவணம்’ ஆக்கியிருப்பது. படிப்பவர் அப்பாவின் ஆதார் அட்டையைத் தேடமாட்டாரா? பத்திர எழுத்தர்கள் காலங்காலமாகச் சொல்லும் ‘தாய்ப்பத்திரம்’ இருக்கிறதே! சார்பதிவாளர் அலுவலக வாசலில் அரைமணி நேரம் நின்று கேட்டாலே கிடைக்கும் சொல் இது. கணினி மொழிபெயர்த்துத் தருவதை அப்படியே ஒட்டுபவர்கள் அதைக்கூடச் செய்வதில்லை.

முன்பு இதையெல்லாம் வரைபடம் போடுபவர் பார்த்துக்கொள்வார். 2024 ஜூலையில் தமிழகத்தில் தொடங்கிய, விண்ணப்பிப்பவரே விவரங்களுக்கு உறுதி சொல்லும் சுயசான்று முறையில், 2500 சதுர அடி வரையுள்ள மனையில் 3500 சதுர அடி வரை வீடு கட்டுபவர் இணையத்தில் தாமே விண்ணப்பிக்கலாம். எதை இணைக்க வேண்டும் என்று அவரே படித்துப் புரிந்துகொள்ள வேண்டும். அவருக்கு எழுதும் வரி இப்படி இருக்கட்டும்: ‘உரிமைமூல ஆவணங்கள் (உங்கள் பெயரில் உள்ள கிரயம், செட்டில்மென்ட் அல்லது பாகப்பிரிவினைப் பத்திரம், அதன் தாய்ப்பத்திரம்), இவற்றோடு பட்டா, வில்லங்கச் சான்று.’