சிவிடி கியர்பாக்ஸில் எந்த ஆயில், எவ்வளவு, எப்படி?

சிவிடி என்றால் படிப்படியாக இல்லாமல் தொடர்ச்சியாகக் கியர் விகிதம் மாறும் ஆட்டோமேட்டிக். எங்கள் ஒர்க்‌ஷாப்புக்குக் கியர்பாக்ஸ் கோளாறோடு வரும் சிவிடி கார்களில் பலவற்றுக்குப் பின்னால் ஒரே கதைதான். எங்கோ ஓரிடத்தில் யாரோ ‘ஆட்டோமேட்டிக் ஆயில்’ ஊற்றியிருப்பார்கள். அந்தச் சிவப்பு ஏடிஎஃப் மட்டமான ஆயில் இல்லை. இன்னோவா கிரிஸ்டா மாதிரி உள்ளே கியர் சக்கரங்களும் கிளட்ச் தட்டுகளும் இருக்கிற ஆட்டோமேட்டிக்குக்கு அந்த வகைதான் வேண்டும். சிவிடிக்குள் போனால் அதுவே விஷம்.

ஏன் என்று புரிய உள்ளே என்ன இருக்கிறது என்று தெரிய வேண்டும். இரண்டு புல்லிகள், நடுவே ஓர் இரும்புப் பெல்ட். நூற்றுக்கணக்கான சின்னச் சின்ன எஃகுத் துண்டுகளை எஃகு வளையங்களில் அடுக்கிக் கோத்தது அந்தப் பெல்ட். சில கம்பெனிகள் பெல்ட்டுக்குப் பதிலாகச் செயின் வைக்கின்றன. புல்லியின் இரண்டு பாதிகளும் நெருங்கினால் பெல்ட் மேலேறும், விலகினால் கீழிறங்கும். கியர் விகிதம் மாறுவது இப்படித்தான். பெல்ட்டுக்கும் புல்லிக்கும் நடுவே பல் கிடையாது. எஞ்சின் தரும் இழுவை முழுக்க இரும்பும் இரும்பும் அழுந்தித் தொடுகிற அந்த மெல்லிய இடத்தின் வழியாகத்தான் சக்கரத்துக்குப் போகிறது. அந்த இடத்திலும் ஆயில் இருக்கும்.

ஆயில் என்றாலே வழுக்குவதற்கு என்று நினைத்துப் பழகிவிட்டோம். சிவிடி ஆயில் தேய்மானத்தைத் தடுக்க வேண்டும், சூட்டை இறக்க வேண்டும், புல்லியை நெருக்கிப் பிடிக்கும் அழுத்தத்தைக் கடத்த வேண்டும். இத்தனையும் செய்துகொண்டே இரும்பை இரும்பின் மேல் வழுக்க விடாமலும் இருக்க வேண்டும். பனையேறுகிறவர் காலில் தளைநார் மாட்டியிருப்பதைப் பார்த்திருப்பீர்கள். அது மரத்தைக் கவ்வினால்தான் அடுத்த எட்டு மேலே வைக்க முடியும். பனையில் கிரீஸைத் தடவிவிட்டு ஏறச் சொன்னால் என்ன ஆகுமோ, ஏடிஎஃப் ஊற்றிய சிவிடியில் பெல்ட்டுக்கு அதுதான் ஆகும். கொஞ்சம் வழுக்கினாலும் புல்லியின் முகத்தில் கீறல் விழும். கீறல் விழுந்த புல்லி மறுபடி சரியாகாது. அதிலிருந்து உதிரும் இரும்புத் தூள், ஆயில் அழுத்தத்தைக் கட்டுப்படுத்தும் வால்வ் பாடிக்குள் போய் அடைத்துக்கொள்ளும். அப்புறம் ஆயிலை மாற்றிப் பயனில்லை, பெட்டியையே மாற்ற வேண்டும். பெரும்பாலான வண்டிகளுக்கு அந்தச் செலவு லட்சத்தைத் தாண்டும்.

(வீட்டில் நிற்கிற ஸ்கூட்டரும் சிவிடிதான். அதில் ரப்பர் பெல்ட், காற்றிலேயே குளிரும், பெல்ட் மேல் ஆயில் படவே கூடாது. பெயர் ஒன்று என்பதால் ஸ்கூட்டர் அனுபவத்தைக் காருக்குக் கொண்டுவராதீர்கள்.)

சரி, உங்கள் கார் சிவிடிதானா? இதில்தான் பாதிக் குழப்பம். வண்டியின் பெயரை மட்டும் சொல்லி ஆயில் வாங்க வருகிறார்கள். டொயோட்டா கிளான்ஸாவை எடுத்துக்கொள்வோம். 2019-ல் வந்த மாடலில் ஆட்டோமேட்டிக் என்றால் சிவிடி. 2022-ல் வந்த புது மாடலில் ஏஎம்டி, அதாவது மேனுவல் கியர்பாக்ஸில் கிளட்சை மிதித்துக் கியரையும் மாற்றிவிடும் ஒரு கருவி. பலேனோவிலும் அதே மாற்றம்தான் நடந்தது. இன்னொன்றும் உண்டு. கிளான்ஸா உண்மையில் டொயோட்டா முத்திரை போட்ட பலேனோ. டொயோட்டா என்று எழுதியிருக்கிறதே என்று கொரோலாவுக்கான ஆயிலைத் தேடிப் போகாதீர்கள்.

ஹூண்டாய் கிரெட்டா இதைவிடச் சிக்கல். 2020 மாடலில் 1.5 பெட்ரோலுக்கு ஐவிடி என்ற பெயரில் சிவிடி, டீசலுக்கு டார்க் கன்வெர்ட்டர் (எஞ்சின் இழுவையை ஆயில் வழியாகக் கடத்தும் பாகம்) வைத்த சாதாரணக் கியர் பெட்டி, டர்போ பெட்ரோலுக்கு இரட்டைக் கிளட்ச். ஒரே மாடலில் மூன்று பெட்டி, மூன்று வகை ஆயில். இன்னோவா ஹைகிராஸில் பெட்ரோலில் மட்டும் ஓடும் வகைக்குச் சிவிடி. ஹைபிரிட்டில் இ-சிவிடி என்பார்கள். பெயரில் சிவிடி இருக்கிறதே தவிர உள்ளே பெல்ட்டே கிடையாது, கியர்களும் மோட்டார்களும்தான். ஹோண்டா சிட்டி ஹைபிரிட்டிலும் பெல்ட் இல்லை. இவற்றில் சிவிடி ஆயில் ஊற்றுவதும் தப்புதான்.

ஓர் எளிய அடையாளம் சொல்கிறேன். கியர் லீவரில் ‘பி’ இல்லாமல் ஆர், என், டி மட்டும் இருந்தால் அது பெரும்பாலும் ஏஎம்டி. ‘பி’ இருந்தால் மீதி வகைகளில் எது என்பதை வண்டியோடு வந்த கையேட்டில்தான் பார்க்க வேண்டும்.

ஆயிலின் பெயரும் அந்தக் கையேட்டிலேயே இருக்கும். ஹோண்டாவில் எச்சிஎஃப்-2, நிசானில் என்எஸ்-2, என்எஸ்-3, டொயோட்டாவில் டிசி, எஃப்இ, ஹூண்டாய் ஐவிடிக்கு எஸ்பி-சிவிடி1. ஒரே கம்பெனிக்குள்ளேயே ஒன்று மற்றொன்றுக்கு மாற்று என்று நினைத்துவிடக் கூடாது. பழைய ஹோண்டா சிட்டி இசட்எக்ஸ் சிவிடி இன்னும் நம்மூரில் சில ஓடுகின்றன. அதில் டார்க் கன்வெர்ட்டர் இல்லை, ஸ்டார்ட் கிளட்ச் என்று ஒன்று இருக்கிறது. அதற்கு எச்எம்எம்எஃப். 2014-ல் வந்த சிட்டிக்கு எச்சிஎஃப்-2. புதியதுதானே சிறந்தது என்று பழைய வண்டியில் எச்சிஎஃப்-2 ஊற்றினால் நின்று கிளம்பும்போதெல்லாம் வண்டி உதறும்.

நம் குமரி மாவட்டத்தில் செகண்ட் ஹேண்ட் வண்டி அதிகம். திருவனந்தபுரம் பக்கமிருந்து வந்து டிஎன் 74, டிஎன் 75 ஆக மாறியவை நிறைய. கையேடு தொலைந்திருக்கும். அப்படியானால் ஆர்சி புத்தகத்தில் இருக்கிற சேஸிஸ் எண்ணைக் கம்பெனி ஸ்பேர் பார்ட்ஸ் கவுண்டரில் கொடுங்கள், சரியான ஆயிலைச் சொல்லிவிடுவார்கள். நிறத்தைப் பார்த்து முடிவு செய்யாதீர்கள். நிறம் என்பது சாயம்தான்.

எல்லாச் சிவிடிக்கும் பொருந்தும் என்று விற்கும் மல்டி ஆயில் போடலாமா என்று கேட்பவர்கள் உண்டு. மோட்டுல், இடெமிட்ஸு போன்றவை அப்படித் தயாரிக்கின்றன. வாரண்டி இருக்கும்வரை கம்பெனி ஆயிலைத் தவிர வேறு எதையும் தொடாதீர்கள் என்பேன். வாரண்டி முடிந்த வண்டிக்கு, டப்பாவின் பின்புறப் பட்டியலில் உங்கள் கையேட்டில் இருக்கும் அதே பெயர் அச்சாகியிருந்தால், பில்லோடு வாங்கினால், எனக்கு மறுப்பு இல்லை. ‘ஏடிஎஃப், சிவிடி இரண்டுக்கும் ஆகும்’ என்று எழுதியிருக்கும் டப்பாவை நான் கையால் தொடமாட்டேன். கீல் மாதிரி ஒன்றைச் சின்னக் குப்பியில் அடைத்து ‘நடுக்கம் போக்கும்’ என்று விற்கிறார்களே, அதுவும் வேண்டாம்.

எப்போது மாற்றுவது? சில கையேடுகளில் சோதித்தால் போதும் என்று இருக்கும். அதைப் படித்துவிட்டு ‘லைஃப்டைம் ஆயில் அண்ணாச்சி, மாத்தவே வேண்டாம்’ என்கிறார்கள். அதே கையேட்டில் கடினமான உபயோகம் என்று வேறொரு பட்டியலும் இருக்கும், அதைப் புரட்டுவதில்லை. நெரிசலில் ஊர்ந்து போவது, மலை ஏறுவது, குறைந்த தூர ஓட்டம், வெயிலில் ஏசி போட்டு நிற்பது எல்லாம் அந்தக் கணக்கில் வரும். மார்த்தாண்டத்தில் மேம்பாலத்துக்குக் கீழே ஊர்ந்து, குலசேகரம் தாண்டி, வாரக் கடைசியில் பேச்சிப்பாறை, கோதையாறு என்று ஏறுகிற வண்டிக்கு வேறு என்ன பெயர் வைப்பது? கையேட்டில் எண் இருந்தால் அதையே பின்பற்றுங்கள். இல்லையென்றால் 40,000 கி.மீ.க்கு ஒருமுறை என்பது என் கணக்கு.

இனி மாற்றும் முறை. சரியான ஆயிலை வாங்கிய பிறகும் கெடுக்கிற இடம் இதுதான்.

முதலில் நிரப்பும் வாயின் போல்ட்டைக் கழற்ற வேண்டும், அதன் பிறகுதான் கீழே வடிக்கும் போல்ட். குளச்சல், முட்டம், மணக்குடி பக்கத்து வண்டிகளில் உப்புக்காற்றில் போல்ட்டுகள் துருவேறி இறுகியிருக்கும். ஆயிலை வடித்துவிட்டு மேல் போல்ட் கழலவில்லை என்றால் வண்டி அங்கேயே கிடக்க வேண்டியதுதான். வடிக்கும் போல்ட்டின் வாஷர் புதிதாக இருக்க வேண்டும். சில வண்டிகளில் எஞ்சின் ஆயில் போல்ட்டும் கியர்பாக்ஸ் போல்ட்டும் பக்கத்தில் பக்கத்தில் இருக்கும். அவசரத்தில் கியர்பாக்ஸை வடித்துவிட்டு எஞ்சினுக்குள் இன்னொரு பங்கு ஊற்றிவிடுவது எல்லா ஊரிலும் நடக்கிற விபத்து. எஞ்சின் ஆயில் மாற்றி வந்த அன்றே வண்டி இழுக்கவில்லை என்றால் ஸ்டார்ட் செய்யாமல் அதைத்தான் முதலில் பார்க்க வேண்டும்.

வடிப்பதில் உள்ளே இருக்கிற ஆயில் எல்லாம் வராது. பெரும்பாலான வண்டிகளில் 3 முதல் 4 லிட்டர் வடியும். டார்க் கன்வெர்ட்டரிலும் கூலரிலும் கிட்டத்தட்ட அதே அளவு தங்கிவிடும். ஆக ஒரு முறை மாற்றினால் பாதிதான் புதியது. இரண்டாம் முறை செய்தால் முக்கால். ஆயில் ரொம்பக் கருத்திருந்தால், கொஞ்ச தூரம் ஓடவிட்டு மறுபடி ஒருமுறை மாற்றச் சொல்வேன். அழுத்தம் கொடுத்து எல்லாவற்றையும் தள்ளிவிடுகிற ஃப்ளஷ் மெஷினில் எனக்கு நம்பிக்கை இல்லை. அடியில் படிந்துகிடப்பதைக் கிளப்பி வால்வ் பாடிக்குள் அனுப்பிவிடக்கூடும்.

வடித்த ஆயிலை அளவுக் குடுவையில் அளக்கச் சொல்லுங்கள். அதே அளவு புதியது உள்ளே போக வேண்டும். இது தொடக்கம்தான். சரியான மட்டத்தைச் சூட்டை வைத்துத்தான் பார்க்க முடியும், ஏனென்றால் சூடேறினால் ஆயில் விரியும். பல வண்டிகளில் அளவுக் குச்சி கிடையாது, மட்டம் பார்க்க ஒரு போல்ட் இருக்கும். வண்டியை நாலு பக்கமும் சமமாகத் தூக்கி, எஞ்சினை ஓடவிட்டு, பிரேக்கை மிதித்தபடி லீவரை பி, ஆர், என், டி என்று ஒவ்வொன்றிலும் சில நொடி நிறுத்தி வர வேண்டும். வண்டியின் கம்ப்யூட்டரைப் படிக்கிற ஸ்கேனரை மாட்டி ஆயிலின் சூட்டைப் பார்க்க வேண்டும். எத்தனை டிகிரி என்பது கம்பெனியைப் பொறுத்தது, பலவற்றில் 35 முதல் 45-க்குள் வரும். அந்தச் சூட்டில் போல்ட்டைத் திறந்தால் ஆயில் ஒழுகி, மெல்லிய தாரையாகி, சொட்டாக மாறும்போது மூட வேண்டும். கொதிக்கிற சூட்டில் திறந்தால் தேவையானதும் வெளியே போய்விடும். குளிர்ந்த நிலையில் திறந்து வழிய வழிய நிரப்பினால் அப்புறம் சூடேறி மிஞ்சும். குறைந்தால் பம்ப் காற்றை இழுத்து அழுத்தம் விழும், பெல்ட் வழுக்கும். மிஞ்சினால் சுழலும் பாகங்கள் கடைந்து நுரையாக்கும், அதுவும் அழுத்தத்தைக் கெடுக்கும். ஸ்கேனர் இல்லாத இடத்தில் சிவிடி ஆயில் மாற்றாதீர்கள் என்று நான் அடித்துச் சொல்வதற்கு இதுதான் காரணம். சில வண்டிகளில் மாற்றிய பிறகு ஆயிலின் வயதுக் கணக்கையும் ஸ்கேனரில் அழிக்க வேண்டும்.

அடித்தட்டைக் கழற்றினால் காந்தம் இருக்கும். அதில் சாம்பல் நிற மெழுகு போல் படிந்திருந்தால் சாதாரணத் தேய்மானம், துடைத்துவிட்டு மாட்டலாம். விரலில் குத்துகிற ஊசி ஊசியான இரும்பு மின்னினால் பெல்ட்டோ புல்லியோ போய்விட்டது என்று அர்த்தம். அந்த நிலையில் புது ஆயிலுக்குப் பணம் வாங்குவது நியாயமில்லை. சரிப்படாது என்று முகத்துக்கு நேராகச் சொல்லிவிடுவேன். ஆக்ஸிலேட்டர் மிதித்தால் எஞ்சின் சத்தம் முன்னால் ஏறி, வேகம் பின்னால் வருவது சிவிடியின் இயல்பு, அதற்காகப் பயப்பட வேண்டாம். மெதுவான வேகத்தில் நடுக்கம், டி போட்டால் தாமதித்து இழுப்பது, புதிதாக ஓர் இரைச்சல், இவை வந்தால் அன்றே காட்டுங்கள்.

மழைக்காலம் பற்றியும் சொல்ல வேண்டும், நமக்கு இரண்டு பருவமழையும் உண்டே. 2021 நவம்பர் வெள்ளம் போல ஒன்றில் வண்டி சக்கரத்துக்கு மேல் மூழ்கினால், கியர்பாக்ஸின் காற்றுக்குழாய் வழியாகத் தண்ணீர் உள்ளே போயிருக்கலாம். தண்ணீர் வடிந்ததும் ஒரு தடவை ஸ்டார்ட் செய்து பார்ப்போமே என்ற ஆசைதான் கெடுக்கும். ஆயில் பால் கலந்த மாதிரி வெளுத்திருந்தால் தண்ணீர் கலந்துவிட்டது. அதோடு ஓட்டினால் கிளட்ச் தட்டில் ஒட்டியிருக்கும் பொருள் உரிந்துவிடும். வெள்ளமே பார்க்காத வண்டியிலும் ஆயில் அப்படி வெளுத்தால் ரேடியேட்டரைச் சந்தேகப்படுங்கள். சிவிடி ஆயிலைக் கூலண்ட்டால் குளிர்விக்கிற வண்டிகளில் அந்தக் கூலர் உள்ளே ஓட்டையானால் இரண்டும் கலந்துவிடும்.

எப்படி நின்றுபோனாலும் முன் சக்கரம் தரையில் உருள, கயிறு கட்டி இழுத்து வராதீர்கள். எஞ்சின் ஓடாவிட்டால் பம்ப் ஓடாது, பம்ப் ஓடாவிட்டால் உள்ளே ஆயில் ஓடாது. வண்டியை மேலே ஏற்றிக் கொண்டுவரும் ரெக்கவரி வண்டியைக் கூப்பிடுங்கள். வேலை முடிந்ததும் பில்லில் வெறுமனே ‘கியர் ஆயில்’ என்று எழுத விடாதீர்கள். ஆயிலின் முழுப் பெயர், எத்தனை லிட்டர் வடிந்தது, எத்தனை லிட்டர் ஊற்றியது, எத்தனை டிகிரியில் மட்டம் பார்த்தது, அன்றைய கிலோமீட்டர், இவ்வளவும் அதில் இருக்கட்டும். இதை எழுதித் தர யோசிக்கிற கடை என்றால் சாவியை வாங்கிக்கொண்டு கிளம்பிவிடலாம்.